மரத்துக்குச் சொன்ன நாள்

என் அண்ணன் மகள் ரெனிக்கு ஒன்பது வயது. வாயைத் திறந்தால் கேள்விதான். காலையில் சோறு வெந்ததும் வாழையிலைத் துண்டுகளில் நாலு நாலு பருக்கை வைத்து அடுப்புக்கும் கிணற்றுக்கும் வாசலுக்கும் படைத்துவிட்டு வா என்று அனுப்பினால், அரை மணி நேரம் ஆளைக் காணோம். போய்ப் பார்த்தால் வாசல்படியில் குப்புறப் படுத்துக் கிடப்பாள்.

"அத்தை, சாமிக்கு வச்ச சோத்தை எறும்பு தூக்கிட்டுப் போகுது. சாமி சாப்பிட்டு மிச்சம் வச்சதைத் தூக்குதா, இல்லே சாப்பிடறதுக்கு முன்னாடியே தூக்குதா?"

"எழுந்திருடி. பள்ளிக்கூடத்துக்கு நேரமாச்சு."

"எறும்புக்குத் தெரியுமா அத்தை, அது சாமி சோறுன்னு?"

எனக்குப் பொறுமை கிடையாது. ஊரில் கேட்டால் சொல்வார்கள், கெர்த்திக்கு வாய் நீளம், கை அதைவிட நீளம் என்று. ஆனாலும் அந்தப் பிள்ளையை நான் அடித்ததில்லை. அவள் கேட்கிற கேள்விகளில் பாதி எனக்கே தோன்றாமல் போனதே என்றுதான் எரிச்சல் வரும்.

எங்கள் ஊரில் முதல் பிள்ளை பிறந்ததும் பெற்றவர்களின் பெயர் போய்விடும். அண்ணனுக்கு மூத்த மகன் அர்க்கா பிறந்த நாளிலிருந்து அவர் 'அர்க்கா அப்பா', அண்ணி 'அர்க்கா அம்மா'. அண்ணனின் சொந்தப் பெயர் என்னவென்று அவருக்கே யோசித்தால்தான் ஞாபகம் வரும். "ரெண்டாவதாப் பொறந்தவ பேருக்குக்கூட ஆக மாட்டாளா?" என்று ரெனி ஒருநாள் சண்டைக்கே வந்துவிட்டாள். எனக்கு வயது முப்பத்தெட்டு. என்னை இன்னும் 'கெர்த்தி' என்றுதான் கூப்பிடுகிறார்கள். இந்த வயதில் ஒரு பெண்ணை அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் என்ன அர்த்தம் என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும். ஆறு வருஷம் குடித்தனம் நடத்தினேன், ஒன்றும் தங்கவில்லை, பிறந்த வீட்டுக்கே திரும்பி வந்துவிட்டேன். தேங்காய் எண்ணெய் காய்ச்சிச் சந்தையில் விற்கிறேன். யாருக்கும் பாரமாக இல்லை.

வீட்டுக்குப் பின்னால், பன்றிக் கொட்டிலைத் தாண்டி ஒரு பழைய பலா மரம் நின்றது. நான் உரித்த தேங்காய் மட்டையெல்லாம் அதன் அடியில்தான் மலையாகக் கிடக்கும். மரத்தின் ஒரு பக்கம் மட்டைக் குவியல், இன்னொரு பக்கம் ரெனி. வேரில் உட்கார்ந்துதான் வீட்டுப்பாடம் எழுதுவாள். பொந்துக்குள் இருந்த பெரிய பல்லிக்கு 'மாமா' என்று பேர் வைத்திருந்தாள். அது எத்தனை தடவை கத்துகிறது என்று எண்ணி நோட்டுப் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் எழுதிக்கொள்வாள். அந்த மரத்தடியில் சிவப்பெறும்பு எந்த வழியாகப் போகும், எந்த வழியாக வரும் என்பது அந்த எறும்புக்குத் தெரிந்ததைவிட அவளுக்கு நன்றாகத் தெரியும்.

மரம் மூன்று வருஷமாகக் காய்க்கவில்லை. சண்டை அங்கேதான் ஆரம்பித்தது.

எங்கள் வீட்டு முற்றத்தின் கிழக்கு மண்டபத்துத் தூண் ஒன்றைக் கறையான் தின்றுவிட்டது. அந்த மண்டபத்தில்தான் கல்யாணம், பருவம் வந்த பிள்ளைகளுக்குப் பல் ராவும் சடங்கு, சாவு எல்லாம் நடக்கும். அதற்குப் பலாக்கட்டைதான் வேண்டும், வேறு மரம் ஆகாது. சாப்பிட்டுக்கொண்டே அண்ணன் சொன்னார்.

"கொல்லையிலேயே தூண் நிக்குதே. அதை வெட்டிடலாம். காய்க்காதது வீட்ல எதுக்கு? சும்மா இடத்தை அடைச்சுக்கிட்டு."

என் கையிலிருந்த தட்டு நழுவித் தரையில் விழுந்தது. அண்ணி அவரை ஒரு முறை முறைத்தாள். அண்ணனுக்கு அப்போதுதான் உறைத்தது.

"நான் மரத்தைச் சொன்னேன்மா," என்றார்.

"மரத்தைத்தான் சொன்னே. எனக்கும் காது இருக்கு," என்றேன். சோற்றை அள்ளித் தட்டில் போட்டேன். கண் கலங்கிவிட்டது, மிளகாய் என்று சொல்லிக்கொண்டேன்.

ரெனி நடுவில் புகுந்தாள். "அப்பா, இன்னும் ஒரு தடவை சொல்லிப் பாக்கலாம்ப்பா. மரத்துக்குச் சொல்ற நாள் வருதில்ல? அன்னிக்குச் சொல்லிப் பாத்துட்டு அப்புறம் வெட்டு."

வேறு நேரமாக இருந்தால் அண்ணன் ஒத்துக்கொண்டிருக்க மாட்டார். என் முகத்தைப் பார்க்க முடியாமல் ஒத்துக்கொண்டார். "சரி. கலுங்கான் திருநாளுக்கு முந்தின நாள் லாவார்க் கறி கொத்துவோம்ல, அதுல போட ஒரே ஒரு பலாமூசு இருந்தாப் போதும், மரம் நிக்கும். இல்லேன்னா அன்னிக்கே தச்சர் ருபாக்கிட்டச் சொல்லிடுவேன். சொன்னா சொன்னதுதான்."

ருபாக் ஏற்கெனவே வந்து அண்ணனின் சாணாலும் விரற்கடையாலும் அளவெடுத்து, மூங்கில் குச்சியில் கோடு கிழித்து, அந்தக் குச்சியை எங்கள் கூரையில் செருகிவிட்டுப் போயிருந்தார். வீட்டுக்காரன் உடம்பின் அளவுதான் வீட்டின் அளவு. ரெனி அந்தக் குச்சியைக் கண்டாலே முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

மரத்துக்குச் சொல்லும் நாள் இருநூற்றுப் பத்து நாளுக்கு ஒரு தடவை வரும், சனிக்கிழமை. அன்றிலிருந்து இருபத்தைந்தாம் நாள் கலுங்கான். செத்துப்போன பெரியவர்களெல்லாம் வீட்டுக்கு வருகிற திருநாள். வருகிறவர்களுக்குப் பழம் வேண்டாமா? அதனால் மரங்களுக்கு முன்கூட்டியே சொல்லி வைப்போம். அரிசிக் கஞ்சி காய்ச்சி, கத்தியின் பின்பக்கத்தால் அடிமரத்தை மூன்று தட்டுத் தட்டி, "தாத்தா, தாத்தா, இன்னும் இருபத்தஞ்சு நாள்ல கலுங்கான். காய்ச்சுத் தொங்கணும். நிறைய, நிறைய, நிறைய!" என்று சொல்லிக் கஞ்சியைப் பட்டையில் பூசுவோம். அன்றைக்கு ஒரு இலையைக்கூடக் கிள்ளக் கூடாது.

அண்ணன் தென்னைக்குச் சொன்னார், மாவுக்குச் சொன்னார், காப்பிச் செடிக்கும் வாழைக்கும்கூடச் சொன்னார். பலாவுக்கு முன்னால் வந்ததும் கத்தியை ரெனியிடம் நீட்டிவிட்டார். "இதுக்குச் சொல்லி என் வாய்தான் நோகும். நீ கேட்டே, நீயே சொல்லு," என்று சொல்லிவிட்டுப் பன்றிக் கொட்டில் பக்கம் போய்விட்டார். நான் அந்த நேரம் கோயிலுக்குப் படையல் கொண்டு போயிருந்தேன். கஞ்சிச் சட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றவன் அர்க்கா. பன்னிரண்டு வயது. பாதிக் கஞ்சி அவன் வயிற்றுக்குள் போயாயிற்று.

மறுநாள் மாலை நான் கிணற்றடியில் துணி அலசிக்கொண்டிருந்தேன். ரெனி வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். ஈரத் துணியின் நுனியை முறுக்கிக்கொண்டிருந்தாள்.

"அத்தை," என்றாள் கடைசியில். "என் சிநேகிதி ஒருத்தி இருக்கா."

"ம்."

"அவ மரத்துக்கு நாளைத் தப்பாச் சொல்லிட்டா. இருபத்தஞ்சுக்குப் பதிலா முப்பத்தஞ்சுன்னு சொல்லிட்டா. அப்ப மரம் எந்த நாளுக்குக் காய்க்கும்?"

கையிலிருந்த துணியைக் கல்லில் வைத்தேன். எங்கள் மாதத்துக்கு முப்பத்தைந்து நாள். பிறந்த நாளோ கோயில் நாளோ எதை எண்ணினாலும் முப்பத்தைந்து, முப்பத்தைந்தாகத்தான் எண்ணுவோம். பிள்ளைகளின் வாயில் அந்த எண்தான் முதலில் வரும்.

"அந்தச் சிநேகிதி எப்படிக் கண்டுபிடிச்சாளாம்?"

"சுவத்துல தொங்குற நாட்காட்டியில விரல் வச்சு எண்ணினா. முப்பத்தஞ்சாவது நாள் கலுங்கான் இல்லே, குனிங்கான், பெரியவங்க திரும்பிப் போற நாள். பத்து நாள் தள்ளிப் போகுது." வாளித் தண்ணீரைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "அத்தை, அந்தச் சிநேகிதி நான்தான்."

"அது எனக்கு 'சிநேகிதி'ன்னபோதே தெரியும்டி!"

"மறுபடி போய்ச் சொல்லிடட்டுமா? கஞ்சி கொஞ்சம் மிச்சம் இருக்கு."

"நாள் போனப்புறம் சொன்னா அது வெறும் பேச்சு. விருந்துக்குத் தப்பான நாள் சொல்லிட்டு, அவன் தூங்குறப்போ காதுல போய் நாளை மாத்தினா அவனுக்குத் தெரியுமா?" என் வாய் இருக்கிறதே, சும்மா கிடக்காது. சொன்ன பிறகுதான் அவள் முகத்தைப் பார்த்தேன், எனக்கே மனசு கேட்கவில்லை. "சரி சரி, போய்ச் சொல்லு. எதுக்கும் சொல்லி வை."

போய்ச் சொன்னாள். அன்றைக்கு மட்டுமில்லை. தினமும் பள்ளிக்கூடம் போகும்போதும் வரும்போதும் மரத்தின் மேல் வாயை வைத்து "இருபத்தஞ்சு, இருபத்தஞ்சு" என்று சொல்லிவிட்டுப் போனாள். நாள் ஆக ஆக எண்ணைக் குறைத்துக்கொண்டே வந்தாள். அர்க்கா அதைக் கேட்டுவிட்டு, "மரத்துக்குக் கணக்குப் பாடம் எடுக்கிறா! மாமா பல்லிக்கும் பரீட்சை உண்டா?" என்று விழுந்து விழுந்து சிரித்தான். அவனுக்கு விஷயம் தெரியாது. அண்ணனுக்கும் தெரியாது. சொல்லாதே என்று என் கையில் அடித்துச் சத்தியம் வாங்கியிருந்தாள்.

நானும் என் பங்குக்கு ஒன்று செய்தேன், வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். ஒருநாள் மட்டை கொட்டப் போனபோது சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு மரத்திடம், "நீயாவது காய்ச்சுத் தொலையேன்," என்றேன். சொல்லி முடித்ததும் அழுகை வந்துவிட்டது. மட்டையைக் கொட்டிவிட்டு வந்துவிட்டேன்.

ரெனி மட்டும் விடவில்லை. விடிந்ததும் முற்றம் பெருக்குவாள், படையல் வைப்பாள், பிறகு நேரே கொல்லைதான். பட்டையை ஒவ்வொரு சாணாகத் தடவித் தடவிப் பார்ப்பாள். கிளைக்குக் கிளை ஏறுவாள். பிஞ்சு என்று நினைத்து ஒருநாள் இறக்கிக்கொண்டு வந்தது ஒரு எறும்புக் கூடு. கடி வாங்கிக் கன்னம் வீங்கியது. மாலையில் கோயில் முற்றத்தில் நடனப் பயிற்சி. கண்ணை இடமும் வலமும் உருட்ட வேண்டிய இடத்தில் இவள் மேலே பார்த்துக்கொண்டு நிற்கிறாள், பலா மரத்தைத் தேடுகிற மாதிரி. வாத்தியாரம்மா வீட்டுக்கே வந்து, "பிள்ளைக்குக் கழுத்துல ஏதாவது சுளுக்கா?" என்று கேட்டுவிட்டுப் போனாள்.

"மரம் எப்படி அத்தை நாளை எண்ணும்? அதுக்கு விரல் இல்லையே."

"இலை இருக்கே."

"இலை உதிருமே. அப்ப கணக்குத் தப்பாதா?"

எண்ணெய் தீய்ந்த வாசனை வந்ததும் நல்லவேளை என்று அடுப்படிக்கு ஓடினேன்.

கலுங்கானுக்கு முந்தின நாள் வந்தது. இருட்டு பிரியும் முன்பே தெருவெல்லாம் பன்றிகளின் அலறல். வெளிச்சம் வந்தபோது எங்கள் முற்றத்தில் ஆண்கள் வட்டமாகக் குந்தியிருந்தார்கள். பன்றிக்கறியையும் பலாப்பிஞ்சையும் தேங்காயோடு சேர்த்து லாவார் கொத்துவது ஆண்கள் வேலை. ஆளுக்கொரு கட்டை, ஆளுக்கொரு கத்தி, டக்டக்டக் என்று ஒரே சத்தம். அண்ணன், தச்சர் ருபாக், பக்கத்து வீட்டுக்காரர் சுவெதா, தேங்காய் துருவ அர்க்கா. பலாமூசு சுவெதா வீட்டிலிருந்து வந்தது.

ருபாக் அதைப் பிளந்துகொண்டே கண்ணடித்தார். "இது உன் வீட்டு மரத்துக் காயில்லையே? ஓ, மறந்துட்டேன். உன் வீட்டு மரம் விரதம்ல!"

எல்லோரும் சிரித்தார்கள். அண்ணனும் சிரித்தார், ஆனால் அது சிரிப்பில்லை. "போதும்யா. மூணு வருஷம் பாத்தாச்சு. திருநாள் வாரமெல்லாம் முடிஞ்சதும் நல்ல நாளாப் பாத்துச் சொல்லு ருபாக். வெட்டி..."

"அப்பா!"

ரெனி துருவின தேங்காயை ஏந்திக்கொண்டு நடுவட்டத்தில் நின்றாள். நான் அடுப்படி வாசலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

"மரத்து மேல தப்பு இல்லைப்பா. நான்தான் தப்பாச் சொல்லிட்டேன். இருபத்தஞ்சுன்னு சொல்லலை. முப்பத்தஞ்சுன்னு சொல்லிட்டேன்."

கத்திச் சத்தம் நின்றது. அர்க்கா வாயைப் பிளந்தான். "ஏய், ஆமா! நான் கஞ்சி சாப்பிட்டுக்கிட்டு இருந்தேன், கவனிக்கவே இல்லை!"

ருபாக் சிரித்த சிரிப்பில் கத்தியைக் கீழே போட்டுவிட்டார். ஆனால் சுவெதா சிரிக்கவில்லை. அவர் நெற்றியைச் சுருக்கி விரல் விட்டு எண்ணினார். "முப்பத்தஞ்சுன்னா குனிங்கான். அதுவும் திருநாள்தானே? அப்ப மரத்துக்குச் சந்தேகமே வந்திருக்காது," என்றார்.

அண்ணன் முகம் சிவந்துவிட்டது. "அன்னிக்கே ஏன் சொல்லலை?"

"சொன்னா வெட்டிடுவேன்னு."

"இப்ப சொன்னா வெட்ட மாட்டேனா?"

"இப்ப சொல்லாட்டி கண்டிப்பா வெட்டிடுவேல்ல?"

சுவெதா, "இதுக்கு நீ பதில் சொல்லுய்யா பாக்கலாம்," என்றார். அண்ணன் கத்தி முனையால் கட்டையைச் சுரண்டிக்கொண்டே இருந்தார்.

"அர்க்கா அப்பா," என்றார் ருபாக், கண்ணைத் துடைத்துக்கொண்டு. "உன் வீட்டுக் கத்தி, உன் வீட்டுக் கஞ்சி. சின்னப் பிள்ளை சொன்னாலும் உன் வீட்டுச் சொல்லுதான். ஆளைக் கூப்பிட்டு நாள் சொல்லிட்டு, அந்த நாளுக்கு முன்னாடியே வரலேன்னு கழுத்தை வெட்டுவாங்களா?"

"சரிய்யா சரி!" அண்ணன் கத்தியை ஓங்கி இறக்கினார். "குனிங்கான் மதியம் வரைக்கும். பெரியவங்க மேலே கிளம்புற நேரம் வரைக்கும். அதுக்கப்புறம் இந்த வீட்ல ஒருத்தர் ஒரு வார்த்தை பேசக் கூடாது." கடைசிச் சொல்லை அடுப்படி வாசலைப் பார்த்துச் சொன்னார். நான் பானையை ஓசைப்படத் தூக்கி வைத்தேன்.

கலுங்கான் வந்தது, போனது. தெரு முழுக்க மூங்கில் கொடிமரங்கள் வளைந்து தொங்கின. புதுத்துணி, கோயில், விருந்து எல்லாம் நடந்தன. ரெனி எதையும் ஆசையாகப் பார்க்கவில்லை. விருந்தில் வந்த மாங்கனியை மென்றுகொண்டே, "மாமரம் சொன்ன நாளுக்குக் காய்ச்சிருக்கு பாரு," என்று பொருமினாள். பத்து நாளும் மரத்தடியிலேயே கிடந்தாள். மேலே ஒரு பிஞ்சுகூட இல்லை. இருந்தால்தானே பத்து நாளில் ஒரு விரலளவாவது வளரும்? எனக்கு நம்பிக்கை போய்விட்டது. அவளிடம் சொல்லவில்லை.

குனிங்கான் அன்று காலை வேலை தலைக்குமேல் இருந்தது. எல்லாம் மதியத்துக்குள் முடிய வேண்டும், மதியம் பெரியவர்கள் கிளம்பிவிடுவார்கள். மஞ்சள் சோறு வடித்தேன். வழியில் அவர்களுக்குக் கட்டுச்சோறு வேண்டுமே, குருத்தோலையில் சின்னச் சின்னப் பைகள் முடைந்து தொங்கவிட்டேன். மட்டையைக் கொட்டக் கொல்லைக்குப் போனால் மூக்கைத் துளைக்கிற நாற்றம்.

"அர்க்கா! பன்னிக்குக் கண்டதையும் போட்டிருக்கியா? திருநாளும் அதுவுமா இப்படி நாறுதே!" என்று கத்தினேன். இந்த நாற்றத்துக்காக நான் மூன்று வருஷமாக அந்தப் பன்றிகளைத் திட்டியிருக்கிறேன். அவை திட்டெல்லாம் வாங்கிக்கொண்டு பேசாமல் படுத்திருக்கும்.

ரெனி வேரில் உட்கார்ந்திருந்தாள். "அத்தை, பன்னி இப்படியா மணக்கும்? இனிப்பா இருக்கே."

"இனிப்பாவது கசப்பாவது. எழுந்து வா, குளிக்கணும்."

"இரு அத்தை." அவள் எழுந்திருக்கவில்லை. "எறும்பு வழி மாறிடுச்சு. நேத்து வரைக்கும் மரத்து மேல ஏறிச்சு. இன்னிக்கு எல்லாம் கீழே போகுது, பாரு. உன் மட்டைக்குள்ள போகுது. ஏன் போகுது?"

சொல்லிக்கொண்டே நாலு காலில் எறும்பு வரிசையின் பின்னாலேயே ஊர்ந்து போனாள். மட்டையை ஒவ்வொன்றாக எடுத்து எறிந்தாள். ஒன்று என் காலில் வந்து விழுந்தது. திட்ட வாயெடுத்தேன், அதற்குள் அவள் சத்தம் வந்தது.

"அத்தை! மண்ணு வெடிச்சிருக்கு!"

மட்டைக்கு அடியில், வேர் மண்ணுக்குள் இறங்குகிற இடத்தில், தரை பாளம் பாளமாக வெடித்திருந்தது. வெடிப்புக்குள் ஏதோ முள்ளுமுள்ளாகத் தெரிந்தது. ரெனி விரலால் தொட்டாள். விரலை முகர்ந்தாள். பிறகு ஊரே நடுங்குகிற மாதிரி ஒரு கத்துக் கத்தினாள்.

"அப்பாஆ! மதியம் ஆயிடுச்சா? இன்னும் ஆகலைதானே? வா, சீக்கிரம் வா!"

அண்ணன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடி வந்தார். பாம்பு என்று நினைத்துக் கையில் கம்பு வேறு. கம்பைப் போட்டுவிட்டு மண்ணைத் தோண்டினார். வேர்ப்பலா. மூன்று மாதப் பன்றிக்குட்டி அளவு. பழுத்து ஒரு பக்கம் பிளந்து, உள்ளே மஞ்சள் சுளை தெரிந்தது. அண்ணி ஓடி வந்தாள், அர்க்கா ஓடி வந்தான், சுவெதா மதில் மேல் ஏறி எட்டிப் பார்த்தார். ரெனி தன் நிழலைப் பார்த்துக்கொண்டு குதித்தாள். "நிழல் இருக்கு! இன்னும் காலுக்கடியில வரலை! மதியம் ஆகலை!"

கையில் எண்ணெய் தடவிக்கொண்டு நான்தான் பிளந்தேன். முதல் சுளைகளை மஞ்சள் சோற்றுடன் வீட்டுக் கோயிலில் வைத்தோம். பெரியவர்கள் நேரத்துக்குக் கிளம்பிப் போனார்கள், கட்டுச்சோற்றோடு பலாவும் சேர்த்து.

பிறகு ஊரே வந்தது. "முப்பத்தஞ்சுன்னா முப்பத்தஞ்சு! ஒரு நாள் முன்னே பின்னே இல்லை! என்ன மரம்யா!" என்று ருபாக் தொடையைத் தட்டினார். ரெனியை ஆளுக்கொருவர் தூக்கிச் சுற்றினார்கள். இனிமேல் எங்கள் மரத்துக்கும் நீயே வந்து சொல்லு என்று சுவெதா இப்போதே சொல்லி வைத்தார்.

ரெனி மட்டும் சிரிக்கவில்லை. வாயில் சுளை, கண் எங்கோ. விரலை மடக்கி மடக்கி எண்ணிக்கொண்டிருந்தாள். அந்த முகம் எனக்குத் தெரியும். வேண்டாம்டி, இப்போது வேண்டாம் என்று கண்ணால் ஜாடை காட்டினேன்.

"அப்பா, பலா பிஞ்சு விட்டுப் பழுக்க எத்தனை மாசம் ஆகும்?"

"நாலு மாசம், அஞ்சு மாசம்."

"நான் சொல்லி முப்பத்தஞ்சு நாள்தானே ஆச்சு?"

அவள் தொடையில் கிள்ளினேன். தொடையை நகர்த்திக்கொண்டாளே தவிர நிறுத்தவில்லை.

"அப்ப நான் சொல்றதுக்கு முன்னாடியே அது காய்ச்சிடுச்சு. நான் சொன்னதை அது கேக்கவே இல்லைப்பா. என் பேச்சைக் கேட்டுக் காய்ச்சதுன்னு எல்லாரும் சொல்றாங்க, அது பொய்."

சொல்லிவிட்டு, தான் சொன்னது என்னவென்று அவளுக்கே அப்போதுதான் புரிந்தது. மரம் நின்றதே அந்த முப்பத்தைந்தால்தான். அவள் கண் கூரையில் செருகியிருந்த மூங்கில் குச்சிக்குப் போயிற்று.

அண்ணன் சுளையைச் சாவகாசமாகத் தின்று முடித்தார். கொட்டையைத் துப்பினார். எழுந்து போய்க் கூரையிலிருந்து அந்தக் குச்சியை உருவி ருபாக் கையில் கொடுத்தார்.

"வேற மரம் பாருய்யா. சொன்னாக் காய்க்கிற மரம் ஊர்ல ஆயிரம் இருக்கு. இது சொல்லாமலே காய்ச்சிருக்கு. ஒருத்தரும் திரும்பிப் பாக்காமலே காய்ச்சிருக்கு. இதை எவன் வெட்டுவான்?"

உட்காரும்போது என் பக்கம் ஒரு பெரிய சுளையைத் தள்ளினார். "இந்தா கெர்த்தி, நல்லதாப் பாத்து எடுத்துக்கோ," என்றார், என் முகத்தைப் பார்க்காமலே. எடுத்துக்கொண்டேன். தேனாக இருந்தது.

எல்லோரும் போன பிறகு ரெனியும் நானும் கொல்லைக்குப் போனோம். அவளுக்கு அந்தக் குழியை இன்னும் பார்க்க வேண்டுமாம். ஒரு குச்சியால் கிளறிக்கொண்டே இருந்தாள். கொஞ்ச நேரத்தில் கையளவு பலாக்கொட்டைகளை அள்ளிக்கொண்டு வந்து என் முன்னால் பரப்பினாள். அந்தப் பழத்துக் கொட்டை இல்லை. சில கறுத்துச் சுருங்கியிருந்தன. சில முளைவிட்டு, வெளிச்சம் படாமல் வெள்ளையாக நீண்டிருந்தன.

"அத்தை, இது போன தடவைப் பழத்தோடது. இது அதுக்கும் முந்தினது. அடியில மக்கின பலாச்சடையெல்லாம்கூட இருக்கு. வருஷா வருஷம் காய்ச்சிருக்கு அத்தை. மட்டைக்கு அடியிலேயே பழுத்து, மட்டைக்கு அடியிலேயே அழுகியிருக்கு."

கொட்டையைப் பார்த்தாள். மட்டை மலையைப் பார்த்தாள். கொட்டிலில் படுத்திருந்த பன்றிகளைப் பார்த்தாள். கடைசியில் என்னைப் பார்த்தாள். மடியில் வைத்துக்கொண்டு ஊரெல்லாம் தேடின கதை என்பார்களே, அதில் மடி என்னுடையது. அடுத்து என்ன கேள்வி வரப்போகிறது என்று எனக்குத் தெரியும். அடுப்படியில் அண்ணி பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள், முற்றத்தில் அண்ணனும் ருபாக்கும் பேசிக்கொண்டிருந்தார்கள். இவள் குரலோ தெருக்கோடி வரை கேட்கும்.

ரெனி கொட்டைகளைக் கீழே வைத்தாள். கையைத் துணியில் துடைத்தாள். எழுந்து வந்து என் கழுத்தைக் கட்டிக்கொண்டு, வாயைக் காதோடு வைத்து, மூச்சு மட்டும் படுகிற மாதிரி கேட்டாள்.

"அத்தை, இந்த மட்டையெல்லாம் இங்க கொட்டினது யாரு?"